குமரியிலிருந்து புரோகிரஸிவ் மெட்டல் பாஸ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நாகர்கோவிலில் பாஸ் கிட்டார் சொல்லிக்கொடுக்கிறேன். ஞாயிற்றுக்கிழமை ஆலயப் பாடகர் குழுவிலும், திருவிழா சீசனில் இன்னிசைக் கச்சேரிகளிலும் வாசிக்கிறேன். என்னிடம் வருகிற பிள்ளைகளில் பலர் ட்ரீம் தியேட்டர், டூல், ஓபெத் என்ற மெட்டல் குழுக்களைக் கேட்டு வளர்ந்தவர்கள். அவர்களும் அவர்களுடைய அப்பா அம்மாக்களும் திரும்பத் திரும்பக் கேட்பவற்றை ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன். பதில்களில் ட்ரீம் தியேட்டரின் பாஸ் கலைஞர் ஜான் மியுங் பெயர் அடிக்கடி வரும். இந்த இசையில் ஒரு பாஸ் கலைஞரின் முழு வாழ்க்கை எப்படிப் போகும் என்று காட்ட அவரைவிட நல்ல ஆள் எனக்குத் தெரியாது.

புரோகிரஸிவ் மெட்டல் என்றால் என்ன?

மெட்டலின் கனமான கிட்டாரும் டிரம்ஸும் இருக்கும். ஆனால் பாட்டு பல்லவி, சரணம் என்று மட்டும் போகாது. பத்து நிமிடம் ஓடும், நடுவில் தாளம் மாறும், ஸ்ருதி மாறும், பாட்டே இல்லாமல் வாத்தியம் மட்டும் நீண்ட நேரம் வாசிக்கும். 1970களில் யெஸ், கிங் கிரிம்சன், ரஷ் போன்ற குழுக்கள் செய்ததையும் மெட்டலையும் சேர்த்து, 1980களின் இரண்டாம் பாதியில் குயின்ஸ்ரைக், ஃபேட்ஸ் வார்னிங், ட்ரீம் தியேட்டர் ஆகியோர் இந்தப் பாணிக்கு வடிவம் கொடுத்தார்கள்.

அதில் பாஸ் கேட்கவே மாட்டேங்குதே! இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன?

முதலில், எதில் கேட்கிறீர்கள்? செல்போன் ஸ்பீக்கரில் என்றால் கேட்காதது நியாயம்தான். நாலு ஸ்ட்ரிங் பாஸின் அடி ஸ்ட்ரிங் ஒரு நொடிக்கு ஏறக்குறைய 41 தடவை அதிர்கிறது. அவ்வளவு தாழ்ந்த ஒலியை அந்தக் குட்டி ஸ்பீக்கரால் எழுப்பவே முடியாது. நீங்கள் கேட்பது அதன் மேல் அதிர்வுகளை மட்டும். சுமாரான ஹெட்போனாக இருந்தாலும் மாட்டிக்கொண்டு அதே பாட்டை மறுபடி கேளுங்கள்.

இனி வேலைக்கு வருவோம். நம்ம ஊர்க் கோயில் திருவிழாவில் செண்டை மேளம் பார்த்திருப்பீர்கள். முன்வரிசையில் உருட்டு செண்டைக்காரர்கள் கைவேகம் காட்டுவார்கள். கூட்டம் அவர்களைத்தான் பார்க்கும். பின்னால் வீக்கன் செண்டை ஒரே நிதானத்தில் தாளத்தைப் பிடித்து நிற்கும். அது ஒரு அடி பிசகினால் முன்வரிசை மொத்தமும் தடுமாறும். மெட்டல் குழுவில் பாஸின் முதல் பொறுப்பு அதுதான். டிரம்மரின் கால் அடிக்கிற கிக்கோடு ஒட்டி நிற்க வேண்டும், கிட்டார் எந்த ஸ்வரத்தில் நிற்கிறது என்பதைக் கேட்பவர் காதுக்கு உறுதிப்படுத்த வேண்டும்.

புரோகிரஸிவ் பாணியில் இதற்கு மேலும் ஒரு பொறுப்பு சேரும். கிட்டாரும் கீபோர்டும் வேகமாக ஒரே வரியை வாசிக்கும்போது பாஸும் அதே வரியை அதே வேகத்தில் வாசிக்கும். சில இடங்களில் பாஸே முன்னால் வந்துவிடும். டூல் குழுவின் 'ஸ்கிஸம்' என்ற 2001ஆம் வருடப் பாட்டைக் கேட்டால் புரியும். ஜஸ்டின் சான்சலர் பாஸில் வாசிக்கிற வரிதான் அந்தப் பாட்டின் முகம். பாடகர் வருவதற்கு முன்பே பாட்டு எது என்று தெரிந்துவிடும்.

ஜான் மியுங் யார்? எப்படி அந்த இடத்துக்கு வந்தார்?

1967 ஜனவரி 24 அன்று சிகாகோவில், கொரியப் பெற்றோருக்குப் பிறந்தவர். வளர்ந்தது நியூயார்க்கின் லாங் ஐலண்டில் கிங்ஸ் பார்க் என்ற ஊரில். 5 வயதில் வயலின் கற்க ஆரம்பித்து, 15 வயதில் பாஸுக்கு மாறினார். யெஸ் குழுவின் கிறிஸ் ஸ்குவயர், ரஷ் குழுவின் கெடி லீ, அயர்ன் மெய்டனின் ஸ்டீவ் ஹாரிஸ், மெட்டாலிகாவின் கிளிஃப் பர்ட்டன் ஆகியோரைக் கேட்டு வளர்ந்தவர். பள்ளிக்கூட நண்பர் ஜான் பெட்ரூச்சியுடன் சேர்ந்து பாஸ்டன் நகரின் பெர்க்லி இசைக் கல்லூரிக்குப் போனார். பெட்ரூச்சி கிட்டார். அங்கே டிரம்மர் மைக் போர்ட்னாயைச் சந்தித்தார்கள். 1985இல் மெஜஸ்டி என்ற பெயரில் குழு தொடங்கியது. அதே பெயரில் வேறொரு குழு இருந்ததால் ட்ரீம் தியேட்டர் என்று மாற்றினார்கள். அது கலிபோர்னியாவில் மான்டரே என்ற ஊரில் இருந்த ஒரு சினிமா கொட்டகையின் பெயர். சொல்லிக்கொடுத்தவர் போர்ட்னாயின் அப்பா.

இனி வருகிற பகுதியைத்தான் பிள்ளைகள் கவனித்துப் படிக்க வேண்டும் என்று நினைக்கிறேன். முதல் ஆல்பம் 1989இல் வந்தது, பெரிதாகப் போகவில்லை. பாடகர் விலகினார். அடுத்த பாடகரைத் தேடி நீண்ட நாள் அலைந்தார்கள். 1991இல் கனடாவிலிருந்து ஜேம்ஸ் லாப்ரீ வந்து சேர்ந்தார். 1992இல் 'இமேஜஸ் அண்ட் வேர்ட்ஸ்' ஆல்பம் வந்து, அதிலுள்ள 'புல் மீ அண்டர்' ரேடியோவிலும் எம்டிவியிலும் ஓடிய பிறகுதான் உலகத்துக்கு அவர்களைத் தெரிந்தது. தொடங்கி ஏழு வருடம். அந்த ஏழு வருடமும் அவர்கள் பயிற்சி அறையை விடவில்லை.

அதற்குப் பிறகும் சமதரையில் ஓடவில்லை. கீபோர்டு கலைஞர்கள் மாறினார்கள். 2010இல் போர்ட்னாயே விலகினார், மைக் மான்ஜினி டிரம்ஸுக்கு வந்தார். 2023இல் போர்ட்னாய் திரும்பினார், 2025 பிப்ரவரியில் 'பாராசோம்னியா' ஆல்பம் வந்தது. 1985 முதல் இன்று வரை இடைவெளி இல்லாமல் குழுவில் இருப்பவர்கள் பெட்ரூச்சியும் மியுங்கும் மட்டுமே. முதல் கிராமி விருது கிடைத்தது 2022இல், 'தி ஏலியன்' என்ற பாட்டுக்கு. குழு தொடங்கி 37 வருடம்!

இடையே மற்றவர்களுடனும் வாசித்திருக்கிறார். கிங்ஸ் எக்ஸ் குழுவின் டை டேபர், டிரம்மர் ராட் மார்கன்ஸ்டைன் இருவருடனும் முதலில் பிளாட்டிபஸ், பிறகு தி ஜெல்லி ஜாம் என்ற குழுக்களில் இருந்தார். ஆனால் தாய்வீட்டை விட்டுப் போகவில்லை.

அவர் மேடையில் பேசவே மாட்டாரே. கூச்ச சுபாவம் உள்ளவர்கள் இந்தத் துறைக்கு வரலாமா?

தாராளமாக. மியுங் பேட்டிகளிலும் அதிகம் பேசுகிறவர் இல்லை. ஆனால் 'லேர்னிங் டு லிவ்' என்ற பதினொரு நிமிடத்துக்கும் மேற்பட்ட பாட்டுக்கு வரிகள் எழுதியது அவர். 1994, 1997, 1999 ஆல்பங்களிலும் அவர் வரிகள் உண்டு. பிறகு நீண்ட காலம் எழுதாமல் இருந்து, 2011இல் 'பிரேக்கிங் ஆல் இல்யூஷன்ஸ்' பாட்டுக்குப் பெட்ரூச்சியோடு சேர்ந்து எழுதினார். சொல்ல வேண்டியதை வாத்தியத்திலும் எழுத்திலும் சொல்லிவிடுகிறார். நம் பிள்ளைகளில் மைக்கைக் கண்டால் பின்வாங்குகிறவர்கள் எத்தனையோ பேர். அவர்களை நான் பாஸுக்கு ஆசையாக அழைப்பேன்.

ஏழு, ஐந்து, பதிமூன்று என்று கணக்கு மாறும்போது எப்படி எண்ணுவது? நான் தொலைந்து போகிறேன்.

இது நமக்குக் கஷ்டமே இல்லை என்பதுதான் என் கருத்து. மேற்கத்திய முறையில் மட்டும் கற்றவர்கள் 'ஒன், டூ, த்ரீ' என்று ஏழு வரை எண்ணப் பார்க்கிறார்கள். வேகம் கூடினால் 'செவன்' என்ற சொல்லே நாக்கில் சிக்கும். நம்மிடம் சொற்கட்டு இருக்கிறது.

ஏழுக்குத் தகிட தகதிமி. மிஸ்ர சாபு. ஐந்துக்குத் தக தகிட. கண்ட சாபு. முதலில் பாஸைக் கீழே வையுங்கள். சீராகத் தாளம் தட்டும் மெட்ரோனோம் கருவியை மெதுவாக வைத்து, காலால் ஒரே சீராகத் தட்டிக்கொண்டு வாயால் தகிட தகதிமி சொல்லுங்கள். 'த' வருகிற இரண்டு இடத்திலும் கை தட்டுங்கள். மூச்சு முட்டாமல், வேறு யோசனை வந்தாலும் தாளம் நிற்காமல் ஓடுகிற வரைக்கும் இதைச் செய்யுங்கள். அப்புறம் பாஸை எடுத்து, அடி ஸ்ட்ரிங்கை இடது கை விரலால் அழுத்தாமல், கை தட்டிய இடத்தில் மட்டும் ஒரு ஸ்வரம். அது நிலைத்த பிறகு ஏழு எழுத்துக்கும் ஏழு ஸ்வரம். கடைசியில்தான் விரல் நகர வேண்டும்.

'ஸ்கிஸம்' பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் முக்கிய வரியை ஐந்தும் ஏழும் மாறி மாறி என்று எண்ணலாம். தக தகிட, உடனே ஒரு ஏழு. இந்த இரண்டும் வாயில் வந்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

ட்ரீம் தியேட்டரின் 'தி டான்ஸ் ஆஃப் எடர்னிட்டி' வேறு ரகம். 1999இல் வந்த, பாடல் வரிகளே இல்லாத ஆறு நிமிட வாத்திய இசை. அதற்குள் தாளம் நூறு தடவைக்கு மேல் மாறுகிறது. நடுவில் மியுங்கின் சிறிய பாஸ் தனியும் உண்டு. அதை எண்ணி வாசிக்க முடியாது. துண்டு துண்டாக வெட்டி, ஒவ்வொரு துண்டையும் பாட்டாக மனப்பாடம் பண்ண வேண்டும். எடுத்த எடுப்பில் இதில் இறங்குகிற பிள்ளைகளைத் தடுத்து, முதலில் ஐந்தையும் ஏழையும் கொண்டு வரச் சொல்வேன்.

நாலு ஸ்ட்ரிங் போதுமா? ஐந்து, ஆறு வேண்டுமா?

தொடங்க நாலு போதும். ஸ்டீவ் ஹாரிஸ், கிளிஃப் பர்ட்டன் எல்லாரும் நாலில்தான் சாதித்தார்கள். ஐந்தாவது ஏன் வந்தது என்றால், மெட்டல் கிட்டார்கள் ஏழு ஸ்ட்ரிங்குக்கு மாறி அடியில் ஒரு 'பி' ஸ்வரத்தைச் சேர்த்துக்கொண்டன. அதற்கு ஒரு ஸ்தாயி கீழே பாஸ் நிற்க வேண்டுமானால் நொடிக்கு ஏறக்குறைய 31 அதிர்வு உள்ள 'பி' தேவை. அதுதான் ஐந்தாவது ஸ்ட்ரிங். ஆறாவது மேலே சேரும் 'சி'. மியுங் ஆரம்பத்தில் நாலு, பிறகு ஆறு. யமஹா அவர் பெயரில் ஓர் ஆறு ஸ்ட்ரிங் மாடல் போட்டது. அப்புறம் மியூசிக் மேன் நிறுவனத்தின் பாங்கோ என்ற பாஸ் மாடலுக்கு மாறினார்.

ஆறில் கை விரிவாக வேண்டும், வாசிக்காத ஸ்ட்ரிங்குகள் தானாக முனகாமல் இரண்டு கையாலும் அடக்கவும் தெரிய வேண்டும். அந்த அடக்கம் வராமல் ஆறு வாங்கினால் இரைச்சல்தான் மிஞ்சும். என் பரிந்துரை: நாலில் இரண்டு வருடம், பிறகு ஐந்து. ஆறு ஆசைப்பட்டால் அதற்கப்புறம்.

பழைய பாஸ் ஒன்று விலைக்கு வருகிறது. வாங்கும்போது என்ன பார்க்க வேண்டும்?

நெக்கை, அதாவது ஸ்ட்ரிங்கை அழுத்தி வாசிக்கிற நீளமான கைப்பகுதியைப் பாருங்கள். மற்றதெல்லாம் மாற்றிவிடலாம், முறுக்கிப்போன நெக்கை ஒன்றும் செய்ய முடியாது. பாஸின் அடிப்பக்கத்திலிருந்து துப்பாக்கி குறி பார்ப்பது போல நெக்கின் நீளத்தைப் பாருங்கள். இரண்டு ஓரமும் ஒரே மட்டத்தில் போக வேண்டும். அடுத்து, அடி ஸ்ட்ரிங்கை முதல் ஃபிரெட்டில் (நெக்கின் குறுக்கே பதித்த உலோகக் கம்பி) ஒரு விரலாலும், நெக் உடலோடு சேருகிற இடத்தில் இன்னொரு விரலாலும் அழுத்துங்கள். ஏழு, எட்டாவது ஃபிரெட் பக்கம் ஸ்ட்ரிங்குக்கும் ஃபிரெட்டுக்கும் நடுவே ஒரு விசிட்டிங் கார்டு நுழைகிற அளவு இடைவெளி இருந்தால் நல்லது. அதிகம் இருந்தாலோ இடைவெளியே இல்லாவிட்டாலோ நெக்கின் வளைவைச் சரிசெய்ய உள்ளே இருக்கும் டிரஸ் ராட் என்ற கம்பியைத் திருப்பிச் சரிசெய்ய வேண்டும். அது திரும்புகிறதா என்று விற்பவரையே திருப்பிக் காட்டச் சொல்லுங்கள். கடைசியாக ஆம்பில் மாட்டி, வயர் ஜாக்கை மெல்ல ஆட்டிப் பாருங்கள். கரகரப்பு வந்தால் பயப்பட வேண்டாம், சால்டரிங் தெரிந்த எலெக்ட்ரீஷியன் சரிசெய்து விடுவார். விலையில் குறைத்துக் கேளுங்கள்.

நம் மாவட்டத்துக்கென்று ஒரு பாடு இருக்கிறது. குளச்சல், முட்டம், மணவாளக்குறிச்சி என்று கடற்கரை ஊர்களில் உப்புக்காற்று ஸ்ட்ரிங்கைச் சீக்கிரம் தின்றுவிடும். தென்மேற்கும் வடகிழக்கும் ஆக இரண்டு மழைக்காலமும் நமக்கு உண்டு. ஈரப்பதம் ஏறி இறங்கும்போது நெக் மரமும் அசையும். வாசித்து முடித்ததும் காய்ந்த பருத்தித் துணியால் ஒவ்வொரு ஸ்ட்ரிங்கையும் அடிப்பக்கமும் சேர்த்துத் துடையுங்கள், சுவரில் தொங்கவிடாமல் பைக்குள் வையுங்கள், பைக்குள் சிலிக்கா ஜெல் போடுங்கள். மேல்பூச்சு உள்ள ஸ்ட்ரிங் விலை கூடுதல்தான், ஆனால் கடலோரத்தில் அது கட்டுப்படியாகும்.

ஒரு நாளைக்கு எத்தனை மணி நேரம் பயிற்சி?

பெர்க்லியில் படித்த காலத்தில் மியுங்கும் பெட்ரூச்சியும் தினம் ஆறு மணி நேரம் என்று தங்களுக்குள் பேசி வைத்திருந்தார்கள். ட்ரீம் தியேட்டர் பிரபலமான பிறகும் நிகழ்ச்சிக்கு முன்பும், முடிந்த பின்பும் வாசிக்கிறவர் என்று மியுங்குக்குப் பெயர். அதைப் படித்துவிட்டு பிளஸ் டூ பிள்ளை ஆறு மணி நேரம் உட்கார்ந்தால் மணிக்கட்டு வீங்கும். ஒரு மணி நேரம், தினமும், மெட்ரோனோமோடு. வலி வந்த அன்று நிறுத்திவிடுங்கள். மரத்துப்போனாலோ விரலில் சுருக் சுருக்கென்று குத்தினாலோ டாக்டரிடம் காட்டுங்கள், தள்ளிப்போட வேண்டாம்.

சர்ச்சில் வாசிக்கிற என் மகன் இந்தப் பேய்ப் பாட்டைக் கேட்கிறான். தடுக்க வேண்டுமா?

மார்த்தாண்டம் பக்கத்து அம்மா ஒருவர் இப்படியே கேட்டார். அவருக்குச் சொன்னதையே இங்கும் சொல்கிறேன். மெட்டலில் பல விதமான வரிகள் உண்டு. பிள்ளை எதைக் கேட்கிறான் என்று பக்கத்தில் உட்கார்ந்து நீங்களும் கேளுங்கள், வரிகளை அவனையே விளக்கச் சொல்லுங்கள். சப்தம் முரடாக இருப்பதால் மட்டும் அது கெட்டதாகிவிடாது. நீல் மோர்ஸ் என்ற அமெரிக்கர் ஸ்பாக்ஸ் பியர்ட் என்ற புரோகிரஸிவ் ராக் குழுவின் தலைவராக இருந்தார். கிறிஸ்தவ நம்பிக்கைக்கு வந்த பின் 2002இல் அந்தக் குழுவை விட்டு விலகினார். ஆனால் இசைப் பாணியை விடவில்லை. விசுவாசத்தைப் பற்றியே நீண்ட நீண்ட ஆல்பங்கள் போட்டார். அவற்றில் பலவற்றுக்கு டிரம்ஸ் அடித்தது அதே மைக் போர்ட்னாய்.

இன்னொன்றும் உண்டு. நம் மாவட்டத்தில் ஒரு பாஸ் கலைஞருக்குக் கிடைக்கக்கூடிய மிகச் சிறந்த பள்ளிக்கூடம் ஆலயப் பாடகர் குழுதான். நாலு குரலில் பாமாலை பாடும்போது அடிக்குரல் எப்படி நகர்கிறது என்று கேட்டுக் கேட்டே பாஸ் வரி எழுதப் பழகலாம். வாரா வாரம் புதுப்பாட்டு, பாடகர் திடீரென்று ஸ்ருதியை மாற்றுவார், போதகர் நடுவில் கை காட்டினால் நிறுத்த வேண்டும். இதையெல்லாம் எந்த யூடியூப் பாடமும் தராது.

கச்சேரிகளில் கீபோர்டுக்காரரே இடது கையால் பாஸ் வாசித்துவிடுகிறார். நமக்கு இனி வேலை இருக்கிறதா?

உண்மைதான். கொடை விழாவானாலும் ஆலயத் திருவிழாவானாலும் செலவைக் குறைக்க முதலில் எடுக்கப்படுவது பாஸ். எனக்கு அதில் வருத்தம் உண்டு. ஆனால் எண்பதுகளின் இளையராஜா பாடல்களை மேடையில் கேட்கும்போது, உண்மையான பாஸ் இருக்கிற கச்சேரிக்கும் இல்லாத கச்சேரிக்கும் உள்ள வித்தியாசம் இசை தெரியாதவருக்கும் உறைக்கும். அந்தப் பாடல்களின் பாஸ் வரி அப்படி எழுதப்பட்டது. அவற்றை ஒரு ஸ்வரம் விடாமல் வாசிக்கத் தெரிந்தவருக்கு இந்த மாவட்டத்தில் அழைப்பு வரத்தான் செய்கிறது. மெட்டல் ஆசை உள்ள பிள்ளைகளுக்கும் இந்தப் பாடல்களைக் கட்டாயப் பாடமாக வைக்கிறேன்.

இதை நம்பிப் படிப்பை விடலாமா?

வேண்டாம். புரோகிரஸிவ் மெட்டலை மட்டும் வாசித்து வீட்டுச் செலவைப் பார்க்கிற பாஸ் கலைஞர்கள் உலகத்திலேயே கொஞ்சம் பேர். டூல் போன்ற பெரிய குழுவுக்கே 2006இல் வந்த ஆல்பத்துக்கும் அடுத்ததுக்கும் நடுவில் 13 வருடம் ஆனது. சினிக் குழுவின் 1993 ஆல்பம் 'ஃபோகஸ்' வழியாக ஃபிரெட் இல்லாத பாஸை மெட்டலுக்குள் கொண்டுவந்து காட்டிய ஷான் மலோன், இசைக் கோட்பாடு படித்து, அதைக் கற்பித்து, ஜாஸ் பாஸ் கலைஞர் ஜாக்கோ பஸ்டோரியஸின் தனி வாசிப்புகளைக் குறிப்பெடுத்துப் புத்தகமாக்கி வாழ்ந்தவர். 2020இல் இறந்துபோனார். அவர் விட்டுச் சென்ற வேலை முழுவதும் பாஸைச் சுற்றியதுதான், மேடை அதில் ஒரு பகுதி.

இங்கே எனக்குத் தெரிந்து பாஸை வைத்துப் பிழைப்பவர்கள் எல்லாருமே மூன்று நாலு வழிகளைச் சேர்த்துத்தான் ஓட்டுகிறார்கள். வகுப்பு எடுப்பது, கச்சேரி, பக்திப் பாடல் ரெக்கார்டிங், கல்யாண ரிசப்ஷன், வெளியூர்க் குழுக்களுக்கு வீட்டிலிருந்தே வாசித்து அனுப்புவது. டிசம்பரில் கைகொள்ளாத வேலை இருக்கும், தவக்காலத்திலும் மழைக்காலத்திலும் இருக்காது. டிகிரி முடியுங்கள். சவுண்ட் எஞ்சினியரிங் பக்கம் மனம் போனால் அதையும் படியுங்கள், இசையோடு ஒட்டியே வேலை கிடைக்கும்.

சொந்தக் குழு ஆரம்பித்தால், முதல் பாட்டு வெளியாகும் முன்பே யார் இசையமைத்தது, யார் வரி எழுதியது, பங்கு எவ்வளவு என்று ஒரு தாளில் எழுதி எல்லாரும் கையெழுத்துப் போடுங்கள். இசையமைத்தவர், பாடலாசிரியருக்கான ராயல்டியை இந்தியாவில் வசூலிப்பது ஐபிஆர்எஸ், 1969இல் தொடங்கிய சங்கம். பாஸ்காரர் கொண்டுவந்த வரியிலிருந்து பிறந்த பாட்டில் அவர் பெயரும் இருக்க வேண்டும். நண்பர்களுக்குள் இதைப் பேசத் தயங்கித்தான் பல குழுக்கள் உடைகின்றன.

இங்கிருந்தே ரெக்கார்டிங் அனுப்ப முடியுமா?

முடியும். இரண்டு உள்ளீடு உள்ள சாதாரண ஆடியோ இன்டர்ஃபேஸ், லேப்டாப், ஹெட்போன் போதும். ஆம்ப் சத்தம் சேர்க்காத சுத்தமான டிஐ டிராக்கை 24 பிட் வேவ் ஃபைலாக அனுப்புங்கள், தொனியை மிக்ஸ் செய்கிறவர் பார்த்துக்கொள்வார். ரெக்கார்டிங்குக்கு முன் புது ஸ்ட்ரிங், ஒவ்வொரு டேக்குக்கும் முன் ட்யூனிங். மெட்டலில் பாஸ் விரலின் 'டக்' சத்தம்கூடக் கிக்கோடு சேர்ந்து விழ வேண்டும், அதனால் கிளிக் டிராக் இல்லாமல் வாசித்து அனுப்பாதீர்கள். கரன்ட் போகிற நேரம் பார்த்து சேவ் பண்ணிக்கொண்டே இருங்கள்.

மேடையில் 'ங்ங்ங்' என்று ஒரு இரைச்சல் வருகிறது. என்ன செய்வது?

பெரும்பாலும் எர்த் பிரச்சினை. திருவிழாப் பந்தலில் ஒரு பக்கம் ஜெனரேட்டர், இன்னொரு பக்கம் பக்கத்து வீட்டு லைன் என்று எடுத்திருப்பார்கள். பாஸுக்கும் மிக்சருக்கும் நடுவே மாட்டுகிற, கிரவுண்ட் லிஃப்ட் சுவிட்ச் உள்ள டிஐ பாக்ஸ் ஒன்று கையில் வைத்திருங்கள், பல இடத்தில் அதுவே தீர்த்துவிடும். எக்காரணம் கொண்டும் பிளக்கின் எர்த் பின்னை உடைத்துவிட்டு மாட்டாதீர்கள். மழை ஈரத்தில் ஸ்ட்ரிங்கையும் மைக்கையும் ஒரே நேரத்தில் தொடுகிற நமக்கு அது உயிர் ஆபத்து.

காதையும் காப்பாற்றுங்கள். அமெரிக்காவின் நியோஷ் என்ற தொழிலாளர் பாதுகாப்பு அமைப்பு சொல்கிற கணக்குப்படி 85 டெசிபலில் எட்டு மணி நேரம் வரை இருக்கலாம். 100 டெசிபலுக்கு 15 நிமிடம்தான். மெட்டல் ரிகர்சல் அறை சுலபமாக 100ஐத் தாண்டும். காதடைப்பான் போட்டுக்கொண்டு வாசியுங்கள்.

டிரினிட்டி கிரேடு தேர்வு எழுதினால் பயன் உண்டா?

உண்டு, ஆனால் அதையே வழி என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். டிரினிட்டி காலேஜ் லண்டன் என்ற தேர்வு அமைப்பின் ராக் அண்ட் பாப் பிரிவில் பாஸுக்கும் எட்டாம் கிரேடு வரை உண்டு. மூன்று பாட்டு வாசிக்க வேண்டும், கூடவே பார்த்தவுடன் வாசிப்பதோ கற்பனையாக வாசிப்பதோ ஒன்று. தேதி குறித்துவிட்டால் பிள்ளைகள் ஒழுங்காகப் பயிற்சி செய்கிறார்கள். பிற்காலத்தில் வகுப்பு எடுக்கவும் சான்றிதழ் உதவும்.

பெண் பிள்ளைகள் வாசிக்கலாமா?

என்ன கேள்வி! மும்பையின் மோகினி டே, அப்பாவிடம் சிறுவயதிலேயே பாஸ் கற்று, ஏ.ஆர். ரகுமான் மேடைகளில் வாசித்து, இன்று உலகம் சுற்றுகிறார். கொன்னக்கோல் சொல்லிக்கொண்டே அதே வேகத்தில் பாஸ் வாசிப்பதைப் பாருங்கள். என் வகுப்பில் தாளம் மிகத் திடமாக நிற்பவர்களில் பெண் பிள்ளைகளே அதிகம்.

குழுவுக்கு ஆள் எங்கே கிடைப்பார்கள்?

இரண்டு கால் கிக் நிதானமாக அடிக்கிற டிரம்மர் நம் மாவட்டத்தில் அரிது. தக்கலை, திங்கள்சந்தை பக்கம் நல்ல ரிதம் பேட் வாசிப்பவர்கள் உண்டு, அவர்களை மெட்டலுக்கு இழுக்க வேண்டும். பக்கத்தில் திருவனந்தபுரம் இருக்கிறது, ரயிலேறினால் இரண்டு மணி நேரத்துக்குள் போய்விடலாம். கேரளத்தில் இந்த இசைக்கு வேர் உண்டு. கொச்சியின் மதர்ஜேன் குழு 2008இல் வெளியிட்ட 'மக்தூப்' ஆல்பத்தில் கர்நாடக ராகத்தின் கமகம் கிட்டாரில் பேசுகிறது, கிளைட் ரொசாரியோவின் பாஸ் அதைத் தாங்கி நிற்கிறது. நம் ஊர் இசையைக் கொண்டு இந்தப் பாணியில் என்ன செய்யலாம் என்பதற்கு அது கண் முன்னால் உள்ள சாட்சி. வில்லுப்பாட்டின் குடத்தையும் உடுக்கையையும் ஏழு எட்டுத் தாளத்தோடு யாராவது சேர்த்து வாசித்துக் காட்ட வேண்டும் என்று எனக்கு ரொம்ப நாள் ஆசை. அதைச் செய்கிறவர்கள் குமரிப் பிள்ளைகளாக இருக்கட்டும்.

எந்த வரிசையில் கேட்க ஆரம்பிக்கலாம்?

அயர்ன் மெய்டனின் 1980களின் ஆல்பங்களில் ஸ்டீவ் ஹாரிஸை முதலில் கேளுங்கள், பாஸ் தெளிவாகக் கேட்கும். அடுத்து ரஷ், 1981இன் 'மூவிங் பிக்சர்ஸ்'. பிறகு 'இமேஜஸ் அண்ட் வேர்ட்ஸ்'. அதில் 'மெட்ரோபொலிஸ்' பாட்டின் நடுவே மியுங் இரண்டு கையாலும் ஃபிரெட்டைத் தட்டி வாசிக்கிற இடம் வரும், அதைத் தனியாகத் திருப்பிக் கேளுங்கள். 1997 ஆல்பத்தில் 'நியூ மிலேனியம்' பாட்டுக்கு அவர் சாப்மன் ஸ்டிக் என்ற வேறொரு வாத்தியத்தை எடுத்திருக்கிறார், தொனி மாறுவது தெரியும். அப்புறம் டூலின் 'லேட்டரலஸ்', சினிக்கின் 'ஃபோகஸ்'. ஓபெத்தில் உருகுவேயைச் சேர்ந்த மார்ட்டின் மென்டெஸ் 1997 முதல் வாசிக்கிறார். அவருடைய வாசிப்பில் அவசரமே இருக்காது, மெதுவான பகுதிகளில் கவனியுங்கள். ஒவ்வொரு பாட்டையும் இரண்டு தடவை கேட்க வேண்டும். முதல் தடவை முழுப் பாட்டு. இரண்டாவது தடவை ஹெட்போனில் பாஸையும் கிக்கையும் மட்டும், பாஸ் வரியை வாயால் முணுமுணுத்துக்கொண்டே.